நாக்கும் நடுக்கமும்: சுவையதிர்வியல் சோதனைக்குப் புதியவர்களுக்கு

அதிரும் கரண்டியில் சர்க்கரைத் தண்ணீரை எடுத்து ஒருவர் நாக்கில் வைத்துப் பாருங்கள். "இனிப்பு மாறிவிட்டது" என்பார். கூடியது என்பவரும் உண்டு, குறைந்தது என்பவரும் உண்டு. இரண்டு பதிலையும் குறித்து வைத்துப் பயனில்லை. கரண்டி அதிர்கிறது என்பது வாயில் வைத்தவருக்குத் தெரிந்துவிட்டது. தெரிந்த பிறகு நாக்கு சொல்வது எது, எதிர்பார்ப்பு சொல்வது எது என்று பிரித்தெடுக்க வழியில்லை.

மருந்துச் சோதனையில் போலி மாத்திரை கொடுக்கலாம். போலி அதிர்வு என்று ஒன்று கிடையாது. ஆகவே அதிர்வு உள்ள கரண்டியையும் இல்லாத கரண்டியையும் ஒப்பிடும் சோதனையை விட்டுவிடுங்கள். இரண்டு வேறு அதிர்வுகளை எடுத்து, உணர்வில் இரண்டும் ஒரே பலமாக இருக்கும்படி சரிசெய்து, ஒன்றோடொன்று ஒப்பிடுங்கள். கீழே வரும் வேலையில் பெரும்பகுதி இந்த ஒரு விதியைக் காப்பாற்றுவதற்காகத்தான்.

சுவையதிர்வியல் என்பது, அதிர்வு சுவையை மாற்றுகிறதா என்று பார்க்கும் இந்த வேலைக்கு இங்கே வசதிக்காக வைத்துக்கொண்ட பெயர். அதன் அடியில் கிடக்கும் செய்திகள் உடலியலிலும் புலனுணர்வு ஆய்விலும் ஏற்கெனவே உள்ளவை.

நரம்புகளைப் பற்றிக் கொஞ்சம்

சுவை மொட்டுகளின் வேலை கரைந்த பொருளை அறிவது. அதிர்வு அவற்றின் துறையல்ல. நாக்கின் முன் மூன்றில் இரண்டு பங்கிலிருந்து சுவையை எடுத்துச் செல்வது ஏழாவது மூளை நரம்பின் ஒரு கிளை. பின்பகுதிக்கு ஒன்பதாவது நரம்பு. தொடுகை, சூடு, எரிச்சல், அதிர்வு ஆகியவற்றை முன்பகுதியிலிருந்து கொண்டுபோவது ஐந்தாவது நரம்பு. தடங்கள் வேறு வேறு. 'வாயில் இருக்கும் ஒரே பொருள்' என்று அவை ஒன்றாவது மூளையில்.

ஏழாவது நரம்பின் அந்தக் கிளை செவிப்பறையின் உட்புறத்தை ஒட்டி, நடுக்காது வழியாகப் போகிறது. இதைக் காட்டி, ஒலி நேராகவே சுவை நரம்பை ஆட்டிவிடுகிறது என்று வாதிடுபவர்களைச் சந்திப்பீர்கள். பாதை உண்மை. ஆனால் செவிப்பறைக்குப் பக்கத்தில் போகிறது என்பதாலேயே அந்த நரம்புக்குக் காது கேட்கும் என்று ஆகிவிடாது.

தமிழில் சுவை ஆறு என்று எண்ணுகிறோம். அவற்றில் கார்ப்பும் துவர்ப்பும் சுவை மொட்டை விட, பெரும்பாலும் தொடுகை நரம்பின் வழியே வருபவை. உடலியல் நூல்கள் அவற்றை அடிப்படைச் சுவைகளில் சேர்ப்பதில்லை. உமாமியை (காளானிலும் இறைச்சிச் சாற்றிலும் தெரியும் சுவை) சேர்த்துக்கொண்டு, இந்த இரண்டையும் வெளியே நிறுத்துகின்றன. அதிர்வுச் சோதனை செய்பவருக்கோ பழைய பட்டியல்தான் கைகொடுக்கும். அதிர்வும் கார்ப்பும் துவர்ப்பும் ஒரே தடத்தில் பயணிப்பதால், ஒன்று மற்றொன்றைத் தொட வாய்ப்பு அங்கேதான் அதிகம்.

தோலில் அதிர்வை அறியும் உறுப்புகளில் இரண்டை நினைவில் வையுங்கள். மெய்ஸ்னர் உறுப்புகள் ஏறத்தாழ 10 முதல் 50 ஹெர்ட்ஸ் (விநாடிக்கு அத்தனை அதிர்வுகள்) வரையான மெதுவான படபடப்புக்கு. பசினி உறுப்புகள் 250 ஹெர்ட்ஸ் அருகே மிகக் கூர்மையாக இருப்பவை. விரல் நுனியில் பசினி உறுப்புகள் உண்டு, உதட்டில் அவற்றின் அடையாளம் இல்லை. அதனால் 250 ஹெர்ட்ஸ் விரலில் பளிச்சென்று தெரியும், உதட்டில் மங்கும். விரலால் தொட்டுப் பலத்தைச் சரிசெய்துவிட்டு, அதே அளவை வாய்க்குக் கொண்டுபோவது புதியவர்கள் செய்யும் முதல் தவறு.

வேண்டிய பொருள்கள்

கைபேசிக்குள் இருக்கும் வகை நாணய மோட்டார் மலிவாகக் கிடைக்கும் என்பதால் பலர் அதில்தான் தொடங்குகிறார்கள். அதை ஒதுக்கிவிடுங்கள். அது எடை பிசகிய சிறு சக்கரத்தைச் சுழற்றி அதிர்வு தருவது. மின்னழுத்தத்தைக் கூட்டினால் அதிர்வெண்ணும் கூடும், பலமும் கூடும். ஒன்றை நிறுத்தி வைத்து மற்றொன்றை மட்டும் மாற்ற முடியாது. போதாததற்கு, ஓட ஓடச் சூடாகும்.

நல்ல கருவி ஒரு 4 அங்குல ஒலிபெருக்கிதான். 4 அல்லது 8 ஓம், 10 வாட் தாங்கக்கூடியது. அதன் கூம்பின் நடுவில் உள்ள குமிழ் மூடியில், 10 செ.மீ. நீளமுள்ள விறைப்பான பிளாஸ்டிக் குழாயைச் செங்குத்தாக நிறுத்தி எப்பாக்சி பசையால் ஒட்டுங்கள். குழாயின் மறுமுனையில் ஒரு சிறு பிளாஸ்டிக் கரண்டியின் காம்பு இறுக்கமாகச் செருகும்படி இருக்க வேண்டும். ஒட்டக் கூடாது, ஆளுக்கு ஒரு கரண்டி மாற்ற வேண்டும். காம்பு தளர்வாக இருந்தால் குழாய்க்காரர்கள் பயன்படுத்தும் டெஃப்லான் நாடாவை இரண்டு சுற்றுச் சுற்றிச் செருகுங்கள். தளர்ந்த மூட்டு கரகரவென்று தானாக ஓர் ஒலியைச் சேர்க்கும். அப்போது 50 ஹெர்ட்ஸ் கொடுப்பதாக நினைத்துக்கொண்டு 50, 100, 150 எல்லாவற்றையும் சேர்த்து வாயில் வைத்துக்கொண்டிருப்பீர்கள்.

மின்கலத்தில் ஓடும் சிறு ஆம்ப்ளிஃபையர் ஒன்று போதும். சுவர் மின்சாரத்தில் ஓடுவதை வாயருகே கொண்டுவராதீர்கள். ஒலி மூலத்துக்குக் கைபேசியில் சைன் அலை, அதாவது ஒரே அதிர்வெண் மட்டும் கொண்ட அலை, எழுப்பும் செயலி. சதுர அலை வேண்டாம். அதில் மேலடுக்கு அதிர்வெண்கள் ஏராளம். இவற்றுடன் மாறுமின்னழுத்தம் அளக்கும் மல்டிமீட்டர், 0.1 கிராம் வரை காட்டும் தராசு, ஊசியில்லாத 5 மி.லி. சிரிஞ்சு, வெப்பமானி, நீச்சல்காரர்களின் மூக்குக் கவ்வி, காதை மூடும் ஹெட்போன்.

ஒலிபெருக்கியை ஒரு மரப்பெட்டிக்குள் வைத்து, குழாய் மட்டும் வெளியே வரும்படி துளையிடுங்கள். துளையின் விளிம்பு குழாயைத் தொடக் கூடாது. குழாய் நீளமாக இருப்பதில் இன்னொரு நன்மை, சுருளின் சூடு கரண்டிக்கு வராது. இது சின்ன விஷயம் போலத் தோன்றும். நாக்கு நுனி சூடாகும்போதே சிலருக்கு இனிப்பு எழுகிறது என்பது 2000ஆம் ஆண்டிலிருந்து பதிவான செய்தி. அதோடு, சூடு கூடினால் சர்க்கரைக் கரைசலும் கூடுதலாக இனிக்கும். கருவி சூடாவதை அதிர்வின் விளைவாக எடுத்துக்கொள்ளும் வாய்ப்பு நிறைய.

இதயமுடுக்கி பொருத்தியவர்கள் இந்தக் கருவியின் அருகே வர வேண்டாம். ஒலிபெருக்கியில் வலுவான காந்தம் இருக்கிறது. பல்வலி, பல்லில் கம்பி, ஒற்றைத் தலைவலி உள்ளவர்களையும் விட்டுவிடுங்கள். கரண்டியைப் பல்லில் வைக்கவே கூடாது. வலிக்காவிட்டாலும், எலும்பு வழியாக ஒலி நேராகக் காதுக்குப் போய்ச் சோதனையைக் கெடுத்துவிடும்.

உப்புக் கல்லால் அளவீடு

அதிர்வை அளக்கக் கைபேசியின் முடுக்கமானியை நம்பாதீர்கள். பல செயலிகள் விநாடிக்கு 100 முறை அளவில்தான் பதிகின்றன. அந்த வேகத்தில் 50 ஹெர்ட்ஸைத் தாண்டிய எதையும் சரியாகப் பார்க்க முடியாது. அதைவிட நல்ல கருவி சமையலறையில் இருக்கிறது.

ஒலிபெருக்கியை வானம் பார்க்க வையுங்கள். கரண்டிக்குப் பதிலாக, ஏறத்தாழ அதே எடையுள்ள ஒரு தட்டையான பிளாஸ்டிக் மூடியைக் குழாய் முனையில் பொருத்துங்கள். அதன்மேல் காய்ந்த கல்லுப்புத் துணுக்குகள் ஐந்தாறு போடுங்கள். 50 ஹெர்ட்ஸ் வைத்து ஒலியளவை மெதுவாகக் கூட்டுங்கள். ஒரு கட்டத்தில் துணுக்குகள் துள்ளத் தொடங்கும். மூடி கீழே இறங்கும் முடுக்கம் புவியீர்ப்பு முடுக்கத்தைத் தாண்டும்போதுதான் துணுக்கு மூடியை விட்டு எழும்பும். அதாவது அந்தக் கணத்தில் முடுக்கத்தின் உச்சம் விநாடிக்கு விநாடி 9.8 மீட்டர்.

அங்கிருந்து வீச்சை, அதாவது மூடி நடுநிலையிலிருந்து ஒரு பக்கம் நகரும் தூரத்தை, கணக்கிடலாம். 50 ஹெர்ட்ஸில் அது 0.1 மி.மீ.; 100 ஹெர்ட்ஸில் 0.025, 250 ஹெர்ட்ஸில் வெறும் 0.004. துள்ளும் கணத்தில் ஒலிபெருக்கியின் இரு முனைகளிலும் உள்ள மின்னழுத்தத்தை மல்டிமீட்டரில் பார்த்து எழுதுங்கள். ஒவ்வொரு அதிர்வெண்ணுக்கும் ஐந்து முறை செய்து நடு மதிப்பை எடுங்கள். மலிவான மீட்டர்களும் சில நூறு ஹெர்ட்ஸ் வரை ஓரளவு நேர்மையாகவே காட்டும். நமக்கு 250 போதும்.

பொடியுப்பு வேண்டாம். ஈரம் பட்டால் மூடியில் ஒட்டிக்கொண்டு, துள்ள வேண்டிய இடத்தில் துள்ளாது. கல்லுப்பையும் ஒரு வாணலியில் இரண்டு நிமிடம் வறுத்து ஆறவிட்டால் நல்லது.

இந்த அளவீடு எதற்கென்றால், நேற்றைய அதிர்வும் இன்றைய அதிர்வும் ஒன்றா என்று அறிய. பசை விட்டுப்போனாலும் மின்கலம் இறங்கினாலும் துள்ளும் மின்னழுத்தம் மாறிவிடும். ஒவ்வொரு அமர்வுக்கும் முன்னால் ஒரு முறை பார்த்துவிடுங்கள். ஆனால் முடுக்கம் சமம் என்பதால் உணர்வும் சமம் என்று எண்ண வேண்டாம். அதற்கு வேறு வேலை இருக்கிறது.

இரண்டு அதிர்வுகளை உணர்வில் சமமாக்குதல்

ஒலிபெருக்கியைக் கிடையாகத் திருப்பி, கரண்டி வாய் உயரத்துக்கு வரும்படி பெட்டியை ஏதாவது ஒன்றின்மேல் நிறுத்துங்கள். கரண்டியில் வெறும் தண்ணீர், 2 மி.லி. சுவைப்பவர் நாக்கின் முன்பகுதியில் கரண்டியை வைத்து, உதட்டை லேசாக மூடட்டும். கடிக்கவோ அழுத்தவோ கூடாது. அழுத்தினால் வீச்சு விழுந்துவிடும்.

உதவியாளர் 50 ஹெர்ட்ஸை உப்புத் துள்ளும் அளவில் 3 விநாடி தருகிறார். 2 விநாடி இடைவெளி. பிறகு 250 ஹெர்ட்ஸ் 3 விநாடி. எது பலம் என்று சுவைப்பவர் விரலால் காட்டட்டும். அதற்கேற்ப 250இன் அளவை மட்டும் கூட்டியும் குறைத்தும், எது பலம் என்று சொல்ல முடியாத இடத்துக்கு வாருங்கள். ஒரு முறை குறைவிலிருந்து ஏறி, அடுத்த முறை அதிகத்திலிருந்து இறங்கி, ஆறு முறை செய்யுங்கள். ஆறின் நடு மதிப்பே அந்த நபரின் சமநிலை. ஆளுக்கு ஆள் இது மாறும். ஒருவருடைய எண்ணை இன்னொருவருக்குப் போடக் கூடாது.

250 ஹெர்ட்ஸைக் காதும் நன்றாகக் கேட்கும். 50ஐ அவ்வளவு கேட்காது. ஆகவே ஹெட்போனில் இளஞ்சிவப்பு இரைச்சல் எனப்படும் சீரான இரைச்சலை, சாதாரணப் பேச்சு அளவில், சோதனை முழுவதும் ஓடவிடுங்கள். அளவை நடுவில் மாற்றாதீர்கள். இரைச்சலே சுவையைத் தொடும். கார்னெல் பல்கலைக்கழகத்தில் கிம்பர்லி யானும் ராபின் டாண்டோவும் 2015இல் வெளியிட்ட சோதனையில், விமானத்துக்குள் இருக்கும் இரைச்சலில், அதாவது 80 முதல் 85 டெசிபலில், இனிப்பு மங்கியது, உமாமி ஓங்கியது. 50க்கு ஓர் இரைச்சல், 250க்கு வேறு இரைச்சல் என்று ஆகிவிட்டால் அந்த விளைவுதான் உங்கள் முடிவாக வந்து நிற்கும்.

பயிற்சிக்கு ஒரு சோதனை: உதட்டின் 50 ஹெர்ட்ஸ்

பெரிய சோதனைக்குப் போகும் முன் இதைச் செய்துவிடுங்கள். கருவி சரியாக இருக்கிறதா என்பது இதில் தெரிந்துவிடும்.

சிச்சுவான் மிளகை மென்றால் உதட்டில் ஒரு விறுவிறுப்பு வரும். மின்சாரம் ஓடுவது போல, மரத்துப்போவது போல. அதிலுள்ள சான்ஷூல் என்ற பொருள் தொடுகை நரம்புகளைத் தூண்டுவதால் வருவது அது. நொபுஹிரோ ஹகுராவும் லண்டன் யுனிவர்சிட்டி கல்லூரியில் உடன் பணியாற்றியவர்களும் 2013இல், அந்த விறுவிறுப்பு எந்த அதிர்வெண்ணுக்குச் சமம் என்று பார்த்தார்கள். உதட்டில் மிளகு, விரலில் அதிரும் கருவி. இரண்டும் ஒரே வேகமாகத் தோன்றும் இடம் எது என்று கேட்டார்கள். விடை 50 ஹெர்ட்ஸ் அருகே வந்தது.

வீட்டில் செய்ய, மிளகின் தோலை மட்டும் பொடித்து (கறுப்பு விதையில் விறுவிறுப்பு இல்லை) கால் தேக்கரண்டிப் பொடியை அரைத் தேக்கரண்டித் தண்ணீரில் குழையுங்கள். பஞ்சுக் குச்சியால் கீழ் உதட்டில் தடவி ஒரு நிமிடம் விட்டுத் துடைத்துவிடுங்கள். விறுவிறுப்பு எழுந்ததும் ஆள்காட்டி விரலைக் கரண்டியில் வையுங்கள். உதவியாளர் ஒரு முறை 20 ஹெர்ட்ஸிலிருந்து ஏற்றட்டும், அடுத்த முறை 100லிருந்து இறக்கட்டும். உதடும் விரலும் ஒரே வேகம் என்று தோன்றும்போது "நிறுத்து". செயலியின் எண்ணைச் சுவைப்பவர் பார்க்கக் கூடாது. எட்டு முறை செய்து சராசரி எடுங்கள்.

சராசரி 35க்கும் 65க்கும் நடுவில் வந்தால் கருவியும் கையும் தேறிவிட்டன என்று கொள்ளலாம். எல்லாம் 80, 90 என்று வந்தால் கருவி 50 ஹெர்ட்ஸைத் தூய்மையாகத் தரவில்லை, மூட்டைப் பாருங்கள். ஏற்றும்போது ஓர் எண், இறக்கும்போது வெகுதூரத்தில் வேறோர் எண் என்று வந்தால் உதவியாளர் அவசரப்படுகிறார். மிளகு பழையதானால் விறுவிறுப்பே வராது.

கரைசல்கள்

ஒரு லிட்டர் குடிநீருக்கு 50 கிராம் வெள்ளைச் சர்க்கரை. இதுதான் அடிப்படைக் கரைசல். ஒப்பீட்டுக்கு 65 கிராம் போட்டு இன்னொரு லிட்டர். உப்பைச் சோதிக்க விரும்பினால் லிட்டருக்கு 3 கிராம், புளிப்புக்குச் சிட்ரிக் அமிலம் 1 கிராம், உமாமிக்கு மோனோசோடியம் குளுட்டமேட் 3 கிராம். கசப்பைத் தொடக்கத்தில் தொடாதீர்கள். வாயை விட்டுப் போக நேரமாகும், அடுத்த கரண்டியையும் கெடுக்கும்.

முந்தின நாளே கரைத்துக் குளிர்பெட்டியில் வைத்து, சோதனைக்கு இரண்டு மணி நேரம் முன்பாக வெளியே எடுங்கள். கரைசலும் கொப்பளிக்கும் தண்ணீரும் ஒரே வெப்பநிலையில் இருக்க வேண்டும்; ஒரு டிகிரிக்கு மேல் வித்தியாசம் கூடாது. இரண்டு நாளைக்கு மேல் வைத்திருக்க வேண்டாம்.

முதன்மைச் சோதனை

கேள்வி ஒன்றே ஒன்று: ஒரே சர்க்கரைக் கரைசல் 50 ஹெர்ட்ஸில் கூடுதலாக இனிக்கிறதா, 250இலா? சுவைப்பவரிடம் "இரண்டு கரண்டி வரும், சில சமயம் சர்க்கரை அளவு வேறாக இருக்கும்" என்று மட்டும் சொல்லுங்கள். பொய்யல்ல, சில இணைகளில் உண்மையிலேயே வேறாக இருக்கும்.

1. சீட்டுக்கட்டிலிருந்து 10 சிவப்பு, 10 கறுப்புச் சீட்டுகளை எடுத்துக் கலையுங்கள். சிவப்பு வந்தால் 50 முதலில். கறுப்பு வந்தால் 250 முதலில். முதல் கரண்டிக்கும் இரண்டாவது கரண்டிக்கும் நாக்கு ஒரே மாதிரி இருப்பதில்லை என்பதால் இப்படிச் சமப்படுத்துவது கட்டாயம்.

2. இந்த 20 இணைகளுக்கு நடுவே 6 பொறி இணைகளைச் செருகுங்கள். அவற்றில் அதிர்வு ஒன்றே (மூன்றில் 50, மூன்றில் 250), கரைசல்தான் வேறு: ஒன்று 50 கிராம், மற்றது 65. எது முதலில் என்பதையும் நாணயம் சுண்டி முடிவுசெய்யுங்கள்.

3. மொத்தம் 26 இணைகள். ஒரே அமர்வில் முடிக்காதீர்கள். 13, 13 ஆக இரண்டு நாளில். உணவுக்குப் பின் ஒரு மணி நேரமாவது ஆகியிருக்கட்டும். காபி, பற்பசை, மெல்லும் கோந்து எதுவும் அந்த ஒரு மணி நேரத்தில் கூடாது.

4. சுவைப்பவர் மூக்குக் கவ்வியும் ஹெட்போனும் அணிந்து, கண்ணை மூடிக்கொள்ளட்டும். உதவியாளர் சிரிஞ்சால் சரியாக 2 மி.லி. கரண்டியில் விடுகிறார். கரண்டி நாக்கில் அமர்ந்த பிறகே அதிர்வைத் தொடங்க வேண்டும். முன்பே தொடங்கினால் கரைசலின் மேற்பரப்பில் அலை எழும்பிச் சிதறும்.

5. அதிர்வு 5 விநாடி. நிறுத்தியபின் துப்பிவிட்டு, தண்ணீரால் கொப்பளித்து, 30 விநாடி காத்திருந்து இரண்டாவது கரண்டி.

6. இரண்டு கேள்விகள், இந்த வரிசையில்: எந்தக் கரண்டியில் அதிர்வு பலம்? எது இனிப்பு அதிகம்? "தெரியவில்லை" என்ற பதில் கிடையாது; ஊகித்தாவது ஒன்றைச் சொல்ல வேண்டும்.

7. அடுத்த இணைக்கு முன் ஒரு நிமிடம்.

அதிர்வைப் பற்றி ஏன் கேட்க வேண்டும்? இனிப்பை மட்டும் கேட்டால், சுவைப்பவர் தான் உணர்ந்த வேறு எல்லா வித்தியாசத்தையும் அந்த ஒரே பெட்டிக்குள் கொட்டிவிடுவார். அதிர்வுக்கென்று தனியாக ஒரு கேள்வி வைத்தால் அதற்கு ஒரு வடிகால் கிடைக்கும். அந்தப் பதில்களும் வீணல்ல. 20இல் 15 முறைக்கு மேல் ஒரே அதிர்வெண்ணைப் பலம் என்று சொல்லியிருந்தால், நீங்கள் செய்த சமநிலை சரியில்லை. அமர்வைத் தள்ளிவிட்டு மறுபடி தொடங்குங்கள்.

உதவியாளருக்கும் எந்த விடை 'வர வேண்டும்' என்ற ஆசை இருக்கக் கூடாது. இருந்தால் கரண்டியை நீட்டும் விதத்திலேயே அது தெரிந்துவிடும். முடிந்தால் பெட்டிக்கும் உதவியாளருக்கும் இடையே ஒரு திரை போடுங்கள்.

எண்ணிப் பார்த்தல்

முதலில் பொறி இணைகள். 6இல் குறைந்தது 5 சரியாக வந்திருக்க வேண்டும். இல்லையென்றால், உண்மையான சர்க்கரை வித்தியாசத்தையே அந்த நாக்கு அன்று பிடிக்கவில்லை. மற்ற பதில்களைப் பார்த்துப் பயனில்லை.

தேறினால் மீதி 20ஐ எண்ணுங்கள். நாணயம் சுண்டினாலும் சராசரி 10 வரும். எந்தப் பக்கமானாலும் 15 அல்லது அதற்குமேல் வந்தால், தற்செயலாக அப்படி வருவதற்கான வாய்ப்பு 100இல் 5க்கும் குறைவு. 30 இணைகள் செய்தால் 21 வேண்டும், 40க்கு 27. எத்தனை இணை என்பதை முன்கூட்டியே எழுதிவைத்துவிட்டு அதோடு நிறுத்துங்கள். "13 வந்துவிட்டது, இன்னும் நாலைந்து செய்தால் எட்டிவிடும்" என்று நீட்டினால் அந்தக் கணக்கு செல்லாது.

ஒரே ஆளிடம் எடுத்த 20 பதில்கள் அந்த ஆளைப் பற்றித்தான் சொல்லும். மனித நாக்கைப் பற்றிப் பேச ஆசைப்பட்டால் ஆள்கள் வேண்டும்.

15க்கு மேல் வந்துவிட்டால்

கொண்டாடும் முன் இரண்டு சோதனைகள் பாக்கி. பலர் தவறவிடும் இடம் இது.

முதலாவது, கலக்கல். அதிரும் கரண்டி நாக்கின் மேலுள்ள கரைசலைக் கலக்கிவிடுகிறது. அசையாத நாக்கை விட அசையும் நாக்குக்குச் சுவை கூடுதல் என்பது மிட்டாயைச் சப்பும் எவருக்கும் தெரியும். 50 ஹெர்ட்ஸில் வீச்சு பெரிது என்பதால் கலக்கலும் அங்கே பெரிது. ஆகவே கரண்டியை எடுத்துவிட்டு, குழாய் முனையில் வட்டமான மூடி ஒன்றைப் பொருத்தி, கீழ் உதட்டின் வெளிப்புறத்தில் படும்படி வையுங்கள். கரைசலைச் சிரிஞ்சால் 1 மி.லி. நாக்கில் விடுங்கள். சமநிலையை இந்த இடத்துக்குப் புதிதாகச் செய்து, அதே 20 இணைகளை ஓட்டுங்கள். கரண்டியில் வந்த முடிவு உதட்டில் வராவிட்டால் நீங்கள் பார்த்தது கலக்கலாக இருக்கலாம்.

இரண்டாவது, காது. உயர்ந்த சுருதியை இனிப்போடும் தாழ்ந்த சுருதியைக் கசப்போடும் சேர்க்கும் பழக்கம் மனிதரிடம் இருக்கிறது. 2012இல் ஆக்ஸ்ஃபோர்டில் சார்ல்ஸ் ஸ்பென்ஸின் குழு, கசப்பும் இனிப்பும் கலந்த ஒரு மிட்டாயைக் கொடுத்து இரண்டு விதமான ஒலிகளை மாற்றி மாற்றி ஓடவிட்டது. தாழ்ந்த ஒலியில் அதே மிட்டாய் கூடுதல் கசப்பாக மதிப்பிடப்பட்டது. அதற்கு வெகுமுன்பே, 1968இல், கிறிஸ்டியன் ஹோல்ட்-ஹான்சன் ஒரு பியருக்கு எந்தச் சுருதி பொருந்துகிறது என்று கேட்டபோது 510 முதல் 520 ஹெர்ட்ஸ் என்றும், அதைவிடக் கடுமையான இன்னொன்றுக்கு 640 முதல் 670 என்றும் விடை வந்தது. ஆகவே 250தான் இனிப்பு என்று முடிவு வந்தால், நாக்கில் எதையும் அதிரவிடாமல், ஹெட்போனில் மட்டும் 50, 250 தொனிகளைக் கொடுத்து அதே 20 இணைகளைச் செய்யுங்கள். அங்கும் 250 வென்றால் நாக்குக்கு இதில் பங்கு இருப்பதாகச் சொல்ல ஆதாரமில்லை. 50 வென்றால் இந்தச் சந்தேகம் தானாகவே குறையும்.

வேறு என்னென்ன கெடும்

மொறுமொறுப்பு ஒலியை மாற்றிப் பார்க்கச் சிலர் விரும்புவார்கள். சாம்பினியும் ஸ்பென்ஸும் 2004இல் செய்தது அது: உருளை வறுவலைக் கடிக்கும் ஒலியை, குறிப்பாக 2 கிலோஹெர்ட்ஸுக்கு மேலுள்ள பகுதியை, ஓங்கச் செய்து ஹெட்போனில் திருப்பிக் கொடுத்தால் அதே வறுவல் கூடுதல் மொறுமொறுப்பாகவும் புதிதாகவும் தோன்றியது. முதலில் சிரிக்கவும் பிறகு சிந்திக்கவும் வைக்கும் ஆய்வுகளுக்குத் தரும் இக் நோபல் பரிசு 2008இல் இதற்குக் கிடைத்தது. வீட்டில் செய்யும்போது கம்பியில்லா ஹெட்போன் பயன்படாது. கடித்து முடித்த பிறகு ஒலி வந்து சேரும். கம்பி போட்ட ஹெட்போன், கம்பி போட்ட மைக், நடுவில் நேரடியாக ஓடும் ஒலி மிக்சர், இவை மூன்றும் வேண்டும்.

ஒவ்வொரு பதிலும் இரண்டாவது கரண்டியையே காட்டினால் கொப்பளிப்பு போதவில்லை. இடைவெளியை ஒரு நிமிடமாக்குங்கள். நாக்கு மரத்துப்போவதாகச் சொன்னால் அன்றைக்கு நிறுத்திவிடுங்கள். அதிர்வுக்குப் பழகிய தோல் அதே அதிர்வைக் குறைவாக உணரும், காலையில் செய்த சமநிலை மாலையில் பொருந்தாது. சுவை கரண்டி பட்ட இடத்தில் மட்டும் இருப்பதாகச் சொன்னால் கவலை வேண்டாம். தொட்ட இடத்தில் சுவை இருப்பதாகத் தோன்றுவது வாயின் இயல்பு. கரைசல் எங்கே பரவியிருக்கிறது என்பதை அது காட்டாது. அதுபோல, இனிப்புக்கு நாக்கின் நுனி, கசப்புக்கு அடி என்ற பழைய நாக்கு வரைபடத்தை நம்பிக் கரண்டியை இடம் மாற்றாதீர்கள். சுவை மொட்டு உள்ள எல்லா இடத்திலும் எல்லாச் சுவையும் தெரியும்.

இனிப்பில் 9, 11, 10 என்றே வந்துகொண்டிருந்தால் (பெரும்பாலும் அப்படித்தான் வரும்) கருவியைக் கழற்றிவிடாதீர்கள். துவர்ப்புக்குப் போங்கள். 4 கிராம் தேயிலையை 200 மி.லி. கொதிநீரில் பத்து நிமிடம் ஊறவிட்டு, வடித்து, சர்க்கரையும் பாலும் சேர்க்காமல் ஆறவிடுங்கள். செய்முறை அதேதான், மூன்று மாற்றங்களோடு. துவர்ப்பு கரண்டிக்குக் கரண்டி வாயில் ஏறிக்கொண்டே போகும் என்பதால் கரண்டிகளுக்கிடையே 2 நிமிடம் விட்டு, ஓர் அமர்வில் 6 இணைகளோடு நிறுத்துங்கள். பொறி இணைகளுக்கு அதே வடிநீரை 2 பங்குக்கு 1 பங்கு தண்ணீர் கலந்து வைத்துக்கொள்ளுங்கள். "எது இனிப்பு?" என்ற கேள்விக்குப் பதிலாக "எதில் நாக்கு கூடுதலாகச் சொரசொரத்தது?" என்று கேளுங்கள்; துவர்ப்பு என்று கேட்டால் சிலர் கசப்புக்கு விடை சொல்லிவிடுவார்கள்.